படகு நலம்

வாங்க கண்ணுகளா, இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்க. பக்கத்தில் இருப்பவர் தோள் உங்கள் தோளில் இடித்தால் இடிக்கட்டும். இந்தக் கதையை அப்படித்தான் கேட்க வேண்டும். நான் சொல்லப் போவது இன்னும் வராத காலத்துக் கதை. வராமலே போகட்டும் என்று வேண்டிக்கொண்டுதான் தொடங்குகிறேன். நடுவில் அழுகை வந்தால் அடக்காதீங்க.

புன்னைத்துறை என்று ஒரு கடற்கரை ஊர். அங்கே கித்தேரி என்று ஒருத்தி இருந்தாள். நாற்பத்தொரு வயது. அவள் புருஷன் தொம்மை கடலுக்குப் போகிறவன். பிள்ளை குட்டி இல்லை. அவளுக்கு அவன், அவனுக்கு அவள்.

படகுக்கு ஏழு பேர், எட்டுப் பேர் என்பதெல்லாம் அப்போது முடிந்துபோயிருந்தது. கம்பெனி தனியாள் படகுகளை இறக்கிவிட்டது. வலையை இயந்திரம் விடும், இயந்திரமே இழுக்கும். மீனைத் தரம் பிரித்து ஐஸ் போட்டு அறைக்குள் அடுக்குவதும் அதுதான். சட்டத்துக்காக ஒரே ஒரு மனிதன் உள்ளே இருப்பான். போனால் பதினெட்டு நாள், இருபது நாள் தங்குகடல். ஏழு பேராகப் போனபோது சண்டையும் கேலியுமாகக் கழிந்த அந்த இருபது நாள், ஒருத்தனாகப் போனபோது கழிய மாட்டேன் என்றது. ஒருத்தன் கரைக்கு வந்து மூன்று மாதம் வாயைத் திறக்கவில்லை. ஊர்க் கிழவர் ராயன் மாமாவின் மகன் பவுல், நல்ல வெயிலில், அலையே இல்லாத கடலில், வீட்டு வாசற்படி இறங்குகிறவன் மாதிரி படகிலிருந்து தண்ணீருக்குள் இறங்கிப் போய்விட்டான்.

அதன் பிறகு வந்ததுதான் காதுப் பொட்டு. புளியங்கொட்டை அளவு இருக்கும். காதுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டால் போதும், உள்ளே இருக்கிற மருந்து தோல் வழியாக மெல்ல இறங்கும்.

கம்பெனி அதை ஆண்களுக்கு மட்டும்தான் கொடுத்தது. பெண்களுக்கும் வேண்டும் என்று கேட்டுப் போனவள் யார் தெரியுமா? நம் கித்தேரிதான். நாற்பது பெண்களைக் கூட்டிக்கொண்டு போய்க் கம்பெனி ஆஸ்பத்திரி வாசலில் உட்கார்ந்துவிட்டாள்.

"கடல்ல கெடக்குறவனுக்கு மட்டுந்தான் நெஞ்சு இருக்கா? கரையில கெடக்குற எங்களுக்கு என்ன, கருங்கல்லா? இருவது நாளும் அலையைப் பாத்துப் பாத்துக் கண்ணு பூத்துப் போவுது!"

நர்ஸ் மங்களம் நல்லவள். உட்கார வைத்து விளக்கினாள். "கித்தேரிம்மா, இது தூக்க மாத்திரை இல்ல, கிறுக்குப் பிடிக்கிற மருந்தும் இல்ல. ஆளு பக்கத்துல இல்லாதப்போ மனசு தேடும்ல? அந்தத் தேட்டத்தை மட்டும் அடக்கிடும்."

"அப்போ பாசமும் போயிருமோ?"

"அது எப்படிம்மா போகும்? பசிக்காதவனுக்கும் பாயசம் இனிக்கும்தானே? அது மாதிரிதான். எதிர்ல வந்தா சிரிப்பீங்க, பேசுவீங்க. வரலைன்னா துடிக்க மாட்டீங்க."

"அது போதும் தாயி. ஒட்டி விடு."

அந்த வாரமே ஊர் முழுக்க ஒட்டிக்கொண்டது. கெட்டுப் போனது என்று எதையும் காட்டிச் சொல்ல முடியாது. பெண்கள் நன்றாகத் தூங்கினார்கள். ஆண்கள் தெளிவாகத் திரும்பி வந்தார்கள். படகு கிளம்பும்போது வழியனுப்ப யாரும் கரைக்கு வரவில்லை, அவ்வளவுதான். தொம்மை புறப்பட்ட அன்றுகூடக் கித்தேரி அடுப்படியிலிருந்தே, "கதவைச் சாத்திட்டுப் போங்க, கோழி உள்ள வந்துரும்" என்றாள்.

அவனும் சாத்திவிட்டுப் போனான்.

ஒரு நாள் கித்தேரிக்குக் காதோரம் புண் வந்து சீழ் வைத்தது. மங்களம் பொட்டைப் பிய்த்து எடுத்து மருந்து போட்டு, "ரெண்டு நாள் காயட்டும். அப்புறம் அந்தப் பக்கக் காதுல ஒட்டிக்கலாம்" என்று அனுப்பிவிட்டாள்.

வீட்டுக்கு வந்து ஒரு மணி நேரம் ஆகியிருக்கும், பிற்பகல் வேளை. வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தவளுக்கு முதலில் என்ன ஆகிறது என்றே புரியவில்லை. வீடு திடீரென்று பெரிதாகிவிட்டது போல இருந்தது. கொடியில் தொம்மை இடுப்பில் கட்டுகிற சாரம் தொங்கிக்கொண்டிருந்தது. எத்தனையோ நாளாக அங்கேதான் தொங்குகிறது. இப்போது அதைப் பார்த்ததும் நெஞ்சுக்குள் யாரோ கையை விட்டுப் பிசைந்தார்கள். அரிவாள்மணையைத் தள்ளிவிட்டு எழுந்து காலண்டருக்கு ஓடினாள். விரலை வைத்து எண்ணினாள். நம்பாமல் மறுபடியும் எண்ணினாள்.

இருபத்தாறு நாள்.

முன்பெல்லாம் அவளுக்குக் காலண்டரே வேண்டாம். பதினெட்டாம் நாள் உடம்பு தானாக வாசலுக்கு வந்துவிடும். பத்தொன்பதாம் நாள் சோறு இறங்காது. இருபதாம் நாள் கம்பெனி வாசலில் நின்று கத்திக்கொண்டிருப்பாள். நாள் எண்ணிக்கொண்டிருந்தது அந்த வேதனைதான் என்று அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது.

தலையை முடியாமல், காலில் செருப்பில்லாமல் கம்பெனி ஆபீசுக்கு ஓடினாள். குமாஸ்தா திரவியம் உள்ளூர்ப் பையன்தான், ரொம்ப மரியாதைக்காரன். திரையைத் திருப்பிக் காட்டினான்.

"பாருங்க யக்கா. நம்ம தொம்மை அண்ணன் படகு இந்தா இருக்கு. பச்சைப் புள்ளி. 'படகு நலம்'னு எழுதியிருக்கு. இந்தத் தடவை மீன்பாடு கம்மி. அறை நெறஞ்சாத்தான் திரும்பும். கால்வாசி பாக்கி."

"நான் படகைக் கேக்கல திரவியம். ஆளைக் கேக்கேன்."

"ஆளு படகுலதான இருப்பாவ?"

"வயர்லெஸ்ல கூப்பிடு."

கூப்பிட்டான். மணி அடித்துக்கொண்டே இருந்தது. மூன்று தரம் கூப்பிட்டுவிட்டுச் சொன்னான், "தூங்குதாவ போல. ஏதாவதுன்னா அண்ணனே செவப்புப் பொத்தானை அமுக்கியிருப்பாவல்லா?"

"கடைசியா அவிய கொரலை எப்ப கேட்ட?"

திரவியம் யோசித்தான். "தெரியலையே யக்கா" என்றான். பொய்யில்லை, அவனுக்கு நிஜமாகவே தெரியவில்லை. அவன் காதுக்குப் பின்னாலும் பொட்டு.

அவள் எங்கெங்கோ போன் போட்டாள். எல்லோரும் அதே பச்சைப் புள்ளியைப் பார்த்துவிட்டு அதே பதிலைச் சொன்னார்கள். கம்பெனிப் படகை அவர்கள் அனுமதி இல்லாமல் அசைக்க முடியாது. கரையில் மிஞ்சியிருந்தது ராயன் மாமாவின் பழைய விசைப்படகு ஒன்றுதான். ஒருத்தர் சுக்கான் பிடிக்க வேண்டும், ஒருத்தர் இன்ஜினோடு மல்லுக்கட்ட வேண்டும், ஒழுகுகிற தண்ணீரை இறைக்க ஆள் மாற்றி ஆள் வேண்டும். ஆறு பேர் இல்லாமல் அந்தப் படகு நகராது.

ஆறு பேர். புன்னைத்துறையில் ஆறு பேர் கிடைப்பது ஒரு காலத்தில் ஒரு சீட்டி அடிக்கிற வேலை. ஒரு படகு நாள் தவறினால் அன்றைக்கு எவனும் தொழிலுக்குப் போக மாட்டான். ஊரே கடலில் இறங்கும். பகையாளி படகாக இருந்தாலும் அதுதான் முறை.

முதலில் அடுத்த வீட்டுச் சலேத்திடம் போனாள். அவள் புருஷன் ரொசாரி முந்தின நாள்தான் கரைக்கு வந்திருந்தான். இருவரும் டிவி பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வாங்க மைனி. இப்படியா வேர்க்க விறுவிறுக்க ஓடி வருவிய? மோர் தரட்டா?"

"ஏட்டி சலேத்து, அவிய வந்து சேரலட்டி. இருவத்தாறு நாளாச்சி."

"அப்படியா? வந்துருவாவ மைனி."

"ரொசாரி, நீ சொல்லு. மாமா படகை எடுத்துட்டுப் போவோமா?"

"போலாம் மைனி. அதுக்கென்ன. நாளைக்குப் பாப்போமே" என்றான் ரொசாரி. "அந்தப் படகு ஒங்களையும் என்னையும்விட வயசுல மூத்தது. பாதிக் கடல்ல நாமதான் அதைச் சொமந்துக்கிட்டு வரணும்." சொல்லிவிட்டுச் சிரித்தான்.

"அப்படின்னா பொட்டை எடு! ஒரு மணி நேரம் எடுத்துட்டுப் பேசு!"

சலேத்து அவளை ஒரு மாதிரி பார்த்தாள். "மைனி, வலிக்கும்னு தெரிஞ்சே எவளாவது அடுப்புல கை வப்பாளா? நீங்கதான எங்களைக் கூட்டிட்டுப் போயி ஒட்டி வச்சிய?"

கித்தேரி வாசல் இறங்கினாள். உண்மைதானே.

பதினோரு வீடு ஏறி இறங்கினாள். எல்லா வீட்டிலும் தண்ணீர் கொடுத்தார்கள், விசாரித்தார்கள், நாளைக்கு என்றார்கள். ஒருத்தர்கூட ஒரு கெட்ட வார்த்தை பேசவில்லை. பேசியிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது அவளுக்கு.

கடைசியாக ராயன் மாமா. கிழவர் படகின் நிழலில் உட்கார்ந்து வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தார். எல்லாவற்றையும் கேட்டார். "கேக்கும்போது போகணும்னு தெரியுது மக்கா. ஆனா எந்திரிக்கத் தோண மாட்டேங்குதே" என்றார். சற்று நேரம் கழித்து, "பவுலு போனப்ப, ஒம் புருசன் எட்டு நாள் கடலை அரிச்சுப் பாத்தான்" என்றார். கணக்குச் சொல்கிற குரலில்தான் சொன்னார். ஆனால் கை தானாகக் காதுக்குப் போனது. பொட்டைப் பிய்த்து மணலில் போட்டார்.

"ஒரு மணி நேரம் பொறு. தோணுதான்னு பாப்போம்."

அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். வெயில் சாயத் தொடங்கியது. கிழவரின் உலக்கை நின்றது. உதடு கோணியது. பிறகு ஒரு சத்தம் வந்தது பாருங்கள், அப்படி ஒரு சத்தத்தைப் புன்னைத்துறை இரண்டு வருஷமாகக் கேட்டதில்லை. "எலே பவுலு! எய்யா!" என்று கிழவர் மணலில் விழுந்து புரண்டார். மகன் போன மூன்றாம் நாளே அவருக்குத்தான் முதல் பொட்டு ஒட்டியிருந்தார்கள். அழ வேண்டிய அழுகை எல்லாம் இரண்டு வருஷம் உள்ளேயே காத்துக் கிடந்திருக்கிறது.

சத்தம் கேட்டு ஜனம் கூடியது. பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் மாதிரி நின்று பார்த்தார்கள். கிழவரைத் தூக்கப் போன கித்தேரியைத் தவிர ஒருத்தர் கண்ணும் நனையவில்லை.

திடீரென்று கூட்டத்திலிருந்து சலேத்து முன்னால் வந்தாள். காதின் பின்புறத்தை நகத்தால் கீறிக்கொண்டிருந்தாள்.

"மைனி, பவுலை எடுத்து வளத்ததுல நானும் ஒருத்தி. மாமா இப்படி உருளுதாவ, நான் மரக்கட்டை மாதிரி நிக்கேன். ஒண்ணுமே வரல மைனி. எனக்கு என்னைப் பாத்தே பயமா இருக்கு." பொட்டு வந்துவிட்டது. அவள் திரும்பி ரொசாரியின் காதில் கை வைத்தாள். "குனிங்க" என்றாள். அவன் குனிந்தான்.

கூட்டத்திலிருந்து மிக்கேலும் அவன் தம்பி லேயோனும் பொட்டைப் பிய்த்துப் போட்டுவிட்டு வந்தார்கள். ஆறு பேர் ஆகிவிட்டது. பெண்கள் படகேறும் வழக்கம் அந்தக் கரையில் இல்லை. அன்றைக்கு யாரும் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை.

விடிந்து வெயில் ஏறும்போது பச்சைப் புள்ளி காட்டிய இடத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள். தொம்மையின் படகு அழகாக நின்றது. வலை சீராக இறங்கிக்கொண்டிருந்தது. மேல்தளம் கழுவி விட்டது போல இருந்தது. "அண்ணே!" என்று ரொசாரி கத்தினான். இயந்திரம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

தொம்மை வயர்லெஸ்ஸுக்கு முன்னால் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். உயிர் போய் எட்டு நாளாவது இருக்கும் என்று ராயன் மாமா சொன்னார். அந்த எட்டு நாளும் படகு மீன் பிடித்திருக்கிறது, ஐஸ் போட்டிருக்கிறது, நலம் என்று கரைக்குச் செய்தி சொல்லியிருக்கிறது. கித்தேரி உள்ளே போய் அவன் காலடியில் உட்கார்ந்தாள். முகத்தைப் பார்க்க விடாமல் சலேத்து தன் சேலைத் தலைப்பால் மூடினாள். எதிரே இருந்த கண்ணாடியில் ஒரு காதுப் பொட்டு ஒட்டியிருந்தது, பெண்கள் குளிக்கப் போகும்போது நெற்றிப் பொட்டை எடுத்து ஒட்டி வைப்பார்களே, அப்படி.

"பேசுனதெல்லாம் இதுல பதிவாகும்" என்றான் லேயோன். வேண்டாம் என்று யாராவது சொல்வதற்குள் பொத்தானை அமுக்கிவிட்டான்.

பதினேழாம் நாள் சாயங்காலம்.

"கித்தேரி..."

"சொல்லுங்க."

கித்தேரி திடுக்கிட்டாள். அவள் குரல். அவளேதான்.

"என்ன செய்யுத?"

"துணி எடுக்கேன். மழை வரும்போல. என்ன விசயம்?"

"சும்மாதான் கூப்பிட்டேன். நெஞ்சு என்னமோ மாதிரி இருந்துச்சி."

"என்ன செய்யுது?"

"ஒண்ணுமில்ல."

"சரி, வைக்கட்டா? துணி நனையுது."

கொஞ்ச நேரம் அலைச் சத்தம் மட்டும். பிறகு தொம்மை சொன்னான்: "சரிட்டி. வையி."

அவள் அந்த அழைப்பை மறந்திருக்கவில்லை. பால்காரன் மணியடித்தது நினைவிருக்குமே, அப்படி நினைவிருந்தது. அவ்வளவுதான்.

அந்தக் கரை ஆம்பிளைகளை உங்களுக்குத் தெரியாது, அதனால் சொல்கிறேன். உடம்பு முடியவில்லை என்று தானாகச் சொல்ல மாட்டார்கள். கேட்டால் ஒண்ணுமில்லை என்பார்கள். மறுபடி கேட்டால் எரிந்து விழுவார்கள். மூன்றாம் தரம் கேட்டால்தான் குரல் உடையும், உள்ளது வெளியே வரும். இருபது வருஷமாகக் கித்தேரி மூன்று தரம் கேட்டவள். திட்டு வாங்கிக்கொண்டே கேட்டவள். அந்த ஒரு நாள், ஒரு தரத்தோடு நிறுத்திவிட்டாள்.

பதிவு ஓடிக்கொண்டே இருந்தது. தொம்மை மற்ற படகுகளையும் கூப்பிட்டிருக்கிறான்.

"ரொசாரி, இருக்கியால?" "இருக்கேண்ணே. என்ன?" "சும்மாதான்." "சரிண்ணே."

"மிக்கேலு..." "சொல்லுங்க." "ஒண்ணுமில்ல. மீன்பாடு எப்படி?" "பரவால்ல." "ம்."

ஒருத்தர் விடாமல் எல்லோர் குரலும் அதற்குள் இருந்தது. எல்லோரும் பண்பாகத்தான் பதில் சொல்லியிருந்தார்கள். ரொசாரி இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டு குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டான்.

"செவப்புப் பொத்தானை அமுக்கியிருக்கலாமே" என்று அழுதான் லேயோன்.

"பொண்டாட்டிகிட்டயே மூணாந்தரம் கேட்டாத்தான்ல சொல்லுவான்" என்றார் ராயன் மாமா. "பொத்தான்கிட்ட எப்படிச் சொல்லுவான்?"

கடைசிப் பதிவு பதினெட்டாம் நாள். அது யாருக்கும் போட்ட அழைப்பு இல்லை. சும்மா பேசியிருக்கிறான், மூச்சு வாங்க வாங்க.

"பொட்டை எடுத்துட்டேன் கித்தேரி. நெஞ்சு நோவு ஒரு பக்கம், இது ஒரு பக்கம், ரெண்டும் சேந்து கொல்லுது. ஆனா இப்பத்தான் நீ வந்து பக்கத்துல உக்காந்த மாதிரி இருக்கு. இம்புட்டு நாளா நீ எங்கட்டி போயிருந்த?"

அவனைக் கரைக்குக் கொண்டுவந்து கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள். மூன்றாம் நாள் மங்களம் வந்தாள். கண் சிவந்திருந்தது. அவளும் கழற்றியிருந்தாள். ஆனாலும் உள்ளங்கையில் ஒரு பொட்டு வைத்திருந்தாள்.

"கித்தேரிம்மா, நான் வற்புறுத்தல. ஒரு மாசத்துக்கு மட்டும் ஒட்டிக்கிறீங்களா? இந்த வேதனையோட நீங்க சாப்பிடாம கிடந்தா..."

கித்தேரி அதை வெகுநேரம் பார்த்தாள். கை நீளவும் செய்தது. பொய் சொல்லக் கூடாது, நீளத்தான் செய்தது. பிறகு மடக்கிக்கொண்டாள்.

"அவிய எனக்கு மிச்சம் வச்சிட்டுப் போனது இந்த வலி ஒண்ணுதான் தாயி. இதையும் எடுத்துட்டா அவிய யாரோ, நான் யாரோ."

ஊர் முழுக்கப் பொட்டைக் கழற்றியது என்று சொன்னால் உங்களுக்கு இனிக்கும். அப்படி நடக்கவில்லை. பாதிப் பேர் கழற்றினார்கள். அதில் சிலர் ஒரு வாரம் தாங்க மாட்டாமல் திரும்ப ஒட்டிக்கொண்டார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனசில்லை. பெண்களைக் கூட்டிப் போய் அதைக் கேட்டு வாங்கிய கித்தேரிக்கும் மனசில்லை.

ஆனால் அவள் ஒன்று செய்தாள். தினமும் சாயங்காலம் ஐந்து மணிக்குக் கம்பெனி ஆபீசுக்குப் போனாள். திரவியம் நாற்காலியை விட்டு எழுந்தான். அவள் வயர்லெஸ்ஸுக்கு முன்னால் உட்கார்ந்து, கடலில் இருக்கிற முப்பத்திரண்டு படகையும் ஒவ்வொன்றாகக் கூப்பிட்டாள். பேசத் தெரியாமல் பேசினாள். பல பேர் பட்டென்று வைத்துவிட்டார்கள். வைத்தவர்களை மறுபடி கூப்பிட்டாள்.

நாலாம் நாள் அமலன் என்று ஒரு பையன். கல்யாணமாகி ஆறு மாதம். பொட்டில்லாமல் கடலுக்குப் போய் ஒன்பது நாள்.

"அமலா, கித்தேரி பேசுதேன். எப்படியா இருக்க?"

"நல்லா இருக்கேன் மைனி. ஒண்ணுமில்ல."

"சாப்பிட்டியா? கொரலு ஒரு மாதிரி இருக்கே."

"ஒண்ணுமில்லன்னா ஒண்ணுமில்ல மைனி! சும்மா தொணதொணன்னு... வைங்க."

திரவியம் நிமிர்ந்து பார்த்தான். கித்தேரி வைக்கவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு, வாயை அந்தக் கருவிக்கு இன்னும் கிட்டக் கொண்டுபோனாள்.

"நான் எங்கயும் போவல. இங்கதான் உக்காந்துருக்கேன். என்னய்யா செய்யுது?"

அலைச் சத்தம் மட்டும் கேட்டது. ரொம்ப நேரம் கேட்டது. பிறகு எண்பது மைல் தூரத்தில், யாருமில்லாத நீலத்துக்கு நடுவில், அந்தப் பையன் விம்மத் தொடங்கினான். கித்தேரியும் அழுதாள். தொம்மையிடம் அவள் மூன்றாம் தரம் கேட்காமல் விட்ட கேள்வி அது. இனி எத்தனை பேரிடம் கேட்டாலும் அவனிடம் போய்ச் சேராது என்று அவளுக்குத் தெரியும். தெரிந்துகொண்டேதான் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"அழுய்யா. மெதுவா அழு. மைனி இருக்கேன்."

கதை இவ்வளவுதான் கண்ணுகளா. எழுந்து போங்க, நேரமாகிறது. உங்கள் வீட்டு அடுப்பு அணையாமல் இருக்கட்டும். வெளியே போனவர்கள் நாள் தவறாமல் வந்து சேரட்டும். வரத் தாமதமானால் வாசலுக்கு ஓடி வருகிற கால் உங்கள் வீட்டில் இருக்கட்டும். நீங்கள் 'ஒண்ணுமில்லை' என்று சொல்லும்போது, அதை நம்பாத ஒருத்தர் உங்களோடு ஆயுசுக்கும் இருக்கட்டும்.